காமிராவுக்கு அப்பா சம்மதித்த நாள்

ஏன் சம்மதித்தார் என்பதுதான் ரிம்மாவுக்குப் பிடிபடவில்லை. ஃபிரிஜ்ஜுக்கும் ஜன்னலுக்கும் நடுவே இருந்த இடுக்கில் உடம்பைச் சொருகிக்கொண்டு, காமிராவின் சின்னத் திரையில் அப்பாவைப் பார்த்தபடி அதையேதான் திருப்பித் திருப்பி யோசித்துக்கொண்டிருந்தாள். அப்பா குளிர்காலத்துக்கு உப்பில் ஊறப்போட முட்டைக்கோஸ் அரிந்துகொண்டிருந்தார். கரக், கரக் என்று கத்தி இறங்கும்போதெல்லாம் பலகை ஆட, பலகையோடு மேஜை ஆட, மேஜைமேல் தேநீர்க் கோப்பைக்குள் ஸ்பூன் கிணுகிணுத்தது. ஒலிப்பதிவுக்கு இதைவிடப் பெரிய சனியன் வேறு கிடையாது, வேறு யார் வீடாக இருந்தாலும் நைசாக ஸ்பூனை எடுத்து அப்பால் வைத்திருப்பாள், இங்கே ஏனோ கை போகவில்லை. எத்தனை வருஷமாகக் கெஞ்சியிருக்கிறாள். ஊர் பேர் தெரியாத எத்தனையோ அப்பாக்களை, சுரங்கத்தில் கால் போனவர்களை, மகனைச் சண்டைக்கு அனுப்பிவிட்டு வாசலையே பார்த்துக்கொண்டிருந்தவர்களை, வாயைத் திறக்கவே மாட்டேன் என்று சத்தியம் செய்தவர்களையெல்லாம் பேசவைத்து, வெளியூர்த் திரைகளில் காட்டிக் கைதட்டலும் வாங்கிவிட்டாள். சொந்த அப்பா மட்டும் காமிராவைக் கண்டால் போதும், அண்டை வீட்டு நாய் நுழைந்துவிட்ட மாதிரி, "அந்தக் கண்ணாடிக் குண்டை என் பக்கம் திருப்பாதே ரிம்கா" என்று செல்லப்பெயரிலேயே அதட்டிவிட்டு எழுந்து போய்விடுவார். இன்று வந்ததும் வராததுமாக, வழக்கம்போல வெறும் வாய் உபசாரத்துக்குத்தான் கேட்டாள், எடுத்துக்கட்டுமாப்பா என்று. "எடேன்" என்றார். எடேன்! அவ்வளவுதான். அலமாரியிலிருந்து முட்டைக்கோசை எடுத்தார், ஸ்வெட்டர் கையை மடித்தார், உட்கார்ந்தார். தெரிந்துவிட்டதா? தெரிய வழியில்லை. நாளைக் காலை மாஸ்கோவிலிருந்து விமானம், முதலில் ஆர்மீனியாவின் யெரெவான், அதற்கப்புறம் எந்த ஊர் வாவென்கிறதோ அந்த ஊர். திரும்பி வந்தால், எடுத்த படங்களுக்காக விமான நிலையத்திலேயே பிடித்து உள்ளே போட்டுவிடுவார்கள் என்று வக்கீல் தெளிவாகச் சொல்லிவிட்டார். இதெல்லாம் அந்த வக்கீலுக்குத் தெரியும், அவளுக்குத் தெரியும். இருட்டுவதற்குள் மாஸ்கோ பஸ்ஸைப் பிடிக்க வேண்டும். அதுவரைக்கும் அப்பாவிடம் வாயைத் திறக்கக்கூடாது. திறக்காமல் போய்விட்டால்? எண்பதைத் தாண்டியவர். ஜன்னலுக்கு வெளியே வோல்கா ஆறு ஈயம் உருக்கி ஊற்றிய மாதிரி அசையாமல் கிடந்தது, இன்னும் உறையவில்லை, உறைய நேரம் பார்த்துக்கொண்டிருந்தது.

திரையில் அப்பாவின் விரல்கள் பெரிதாகத் தெரிந்தன. ஸ்டியரிங் பிடித்துப் பிடித்து உட்புறம் வளைந்துபோனவை, கத்தியைக்கூட எதையோ திருப்புகிற மாதிரிதான் பிடித்திருந்தார். இந்தக் கினேஷ்மா ஊரிலிருந்து ஆற்றோரக் கிராமங்களுக்குப் போகிற பஸ்ஸை வாழ்நாள் முழுக்க ஓட்டியவர். கேள்வி என்றாலே அவருக்கு ஆகாது. "இந்த பஸ் எங்கே போகுது, இந்த பஸ் எங்கே போகுதுன்னு கேட்டவங்களுக்கெல்லாம் பதில் சொல்லிச் சொல்லி என் பங்கு பதில் தீர்ந்துபோச்சு. போர்டு எதுக்குத் தொங்குது? படிக்கத் தெரியாதா?" என்பார். அந்த மனிதருக்குக் கேள்வி கேட்டே பிழைக்கிற மகள். எங்கிருந்து தொற்றியது இது? சின்ன வயசில் பள்ளிக்கூடம் இல்லாத நாட்களில் அப்பா அவளையும் பஸ்ஸில் ஏற்றிக்கொள்வார், டிரைவர் பக்கத்து என்ஜின் மூடிமேல் கம்பளியை மடித்துப் போட்டு உட்காரவைப்பார், அடியில் கதகதவென்று இருக்கும். ரோட்டைப் பார்க்கமாட்டாள். முதுகை முன்கண்ணாடிக்குக் காட்டிக்கொண்டு பயணிகளைப் பார்த்து உட்கார்ந்திருப்பாள். அந்தக் கிழவியின் மடியில் மூடிய கூடைக்குள் என்ன, அசைகிறதே? அந்த மாமா ஏன் ஒரே கையில் உறை போட்டிருக்கிறார், இன்னொன்றை யாரிடம் விட்டுவிட்டு வந்தார்? கூடைக்குள் வாத்தாக இருக்கும், வாத்து இல்லை, பூனை. "மூஞ்சியைத் திருப்பு, ஜனங்க என்ன நெனப்பாங்க" என்று அப்பா திட்டுவார், அவர்கள் என்ன நினைப்பார்கள் என்பதுதானே அவளுக்கு வேண்டியிருந்தது. அப்புறம் ஊர்ப் பத்திரிகையில் டைப் அடிக்கிற வேலை. அப்புறம் ஒருநாள், ஆலையில் சம்பளத்துக்குப் பதிலாகப் பெண்களுக்குத் துண்டுகளைக் கொடுத்து அனுப்பிய காலம் அது, ரயில் நின்ற பிளாட்பாரத்தில் தோளில் தலையில் இடுப்பில் எல்லாம் துண்டுகளாகத் தொங்கவிட்டுக்கொண்டு ஜன்னல் ஜன்னலாக ஓடிய அந்தப் பெண்களைப் பார்த்தாள். இதை எழுதினால் யார் நம்புவார்கள், பூ விற்கிறமாதிரி துண்டு விற்கிறார்களே, அதுவும் சிரித்துக்கொண்டு? கல்யாண வீடியோ எடுப்பவனிடம் காமிராவை இரவல் வாங்கினாள். இயக்கத் தெரியாது, யாரும் சொல்லித்தரவும் இல்லை. முதல் நாள் எடுத்ததில் பாதி அவளுடைய செருப்புதான். ஆனால் அந்தச் செருப்புக்கு மேலே ஒரு பெண்ணின் குரல் கேட்டது, "சிரிக்கலேன்னா எவன்டி வாங்குவான்?" என்று. அந்த ஒரு வரிக்காகத்தான் வேலையை விட்டாள் என்று சொன்னால் இப்போது யாரும் ஒத்துக்கொள்ள மாட்டார்கள். செருப்பை வெட்டி எறியவில்லை, அப்படியே படத்தில் வைத்தாள். பார்த்தவர்கள் அதைப் பெரிய உத்தி என்று புகழ்ந்தார்கள், அவளும் மறுக்கவில்லை.

கரக். அப்பா நிறுத்திக் கட்டைவிரலால் கத்தி முனையைத் தடவிப் பார்த்தார், பேசப்போகிறார் என்று அவள் காமிராவை நெருக்கினாள், அவர் அடுத்த பாதியை எடுத்து அரியத் தொடங்கினார். பேசாவிட்டாலும் பரவாயில்லை, பேசாதவர்களோடு உட்கார்ந்திருப்பதுதான் அவள் தொழிலே. கேட்கிறவனுக்குப் பதில்தான் கிடைக்கும், காத்திருக்கிறவனுக்கு மற்றதெல்லாம் கிடைக்கும் என்று, படமெடுக்க வந்த சின்னஞ்சிறுசுகளிடம் ஒரு காலத்தில் பெருமையாகச் சொல்லிக்கொண்டு திரிந்தாள். போன வீட்டிலெல்லாம் பாத்திரம் கழுவுவாள், முதுகைக் காட்டிக்கொண்டு கழுவுகிறவளிடம் மனுஷர்கள் தானாகப் பேசுவார்கள், அது ஏன் என்று இன்றைக்கும் தெரியாது. கண்ணைப் பார்க்க வேண்டியதில்லை என்பதாலா, தண்ணீர்ச் சத்தம் பாதியை மறைத்துவிடும் என்ற தைரியமா? உண்மையைச் சொல்லப் போகிறவர்கள் கைக்கு எட்டுகிற பொருள் எதையாவது தொட்டுக்கொள்வார்கள், உப்புக் குப்பியையோ பொத்தானையோ; பொய் சொல்கிறவர்கள் எதையும் தொடுவதில்லை. அப்பா எல்லாவற்றையும் தொட்டுக்கொண்டிருந்தார், இதை என்னவென்று எடுத்துக்கொள்வது? இன்னொரு விதியும் உண்டு, ஒருவரைப் பற்றி இன்னொருவரிடம் வாய்விடுவதில்லை. தெரியாததை எவனாலும் பிடுங்க முடியாது. படங்களுக்காகப் போலீஸ் அவள் மாஸ்கோ வீட்டைச் சோதனை போட்ட அன்று தோழி ஒருத்தியையும் கூட்டிக்கொண்டு போய்க் கேள்விமேல் கேள்வியாகக் கேட்டார்கள். அவளுக்கு ஒன்றுமே தெரியாது, தெரியாததால் சாயங்காலமே விட்டுவிட்டார்கள். ஆகவே அப்பாவுக்கும் தெரியக்கூடாது. இரண்டு பேர் வந்து இதே மேஜையில் உட்கார்ந்து, அப்பாவின் பெயரைச் சொல்லி, அர்காதி ஸ்தெபானவிச், மகள் எங்கே என்று மரியாதையாகக் கேட்டால், தெரியாதே என்று கண்ணை நிமிர்த்திச் சொல்ல வேண்டும். சரிதானே? சரிதான். சரியாக இருப்பதுதான் தொந்தரவு. அந்தச் சரிக்குப் பின்னால் வேறொன்று பூனைமாதிரி பதுங்கியிருந்தது: சொன்னால் போகாதே என்பார். இல்லை, அதுகூட இல்லை. சொன்னால் போ என்பார், எழுந்து முகத்தைத் திருப்பிக்கொள்வார், அந்த முதுகை அவள் எந்த ஊருக்கெல்லாம் தூக்கிக்கொண்டு அலைவது? கதவு மணி அடித்தது.

காமிராவைச் சட்டென்று மார்போடு அணைத்துக்கொண்டாள். மணி அடித்தால் இப்போதெல்லாம் இப்படித்தான், முன்னே இவள் அடித்த மணிகளுக்கு எத்தனை பேர் எதையெதை இப்படி அணைத்துக்கொண்டார்களோ. இரண்டு பேராக வருவார்கள், சோதனை அன்று ஒருவன் காலணியைத் துடைத்துக்கொண்டு நுழைந்தான். அந்த ஒருவனைத்தான் அவளுக்கு மறக்க முடியவில்லை, அவன் அம்மா நன்றாக வளர்த்திருக்கிறாள் என்று அந்த நேரத்திலும் தோன்றியது. அப்பா கத்தியைக் கீழே வைக்காமலே போய்க் கதவைத் திறந்தார். எதிர்வீட்டுக் கபிதலீனா. பூப்போட்ட கவுன், காலில் அறுந்த ரப்பர் செருப்பு, கையில் வெறும் தட்டு. எழுபது வயசுக்கும் குரல் மட்டும் ரயில்வே ஒலிபெருக்கி. "என்ன அர்காதி ஸ்தெபானவிச், கத்தியோட வரவேற்கிறீரு? ஒரு கேரட் கேக்கத்தான் வந்தேன், உயிரைக் கேக்கலை." எட்டிப் பார்த்தவள் காமிராவைக் கண்டதும் வாயில் கைவைத்தாள். "அடி ஆத்தா, கிழவர் சினிமாவுல நடிக்கிறாரா! சவரம்கூடப் பண்ணலையே!" "சவரம் பண்ணினா இன்னும் அசிங்கமா இருப்பேன்" என்றார் அப்பா. கபிதலீனா ரிம்மாவைக் கண் இமைக்காமல் பார்த்தாள். "உன்னை டிவியில காட்டினாங்கடி. போட்டோ போட்டு. என்னென்னமோ சொன்னாங்க." ரிம்மா சிரித்துவைத்தாள், சிரிக்கலேன்னா எவன்டி வாங்குவான். "என்ன சொன்னாங்க அத்தை?" கேட்டேவிட்டாள், பயத்துக்கு நடுவிலும் நாக்கு நிற்கவில்லை, இவள் நம்பினாளா, எந்த இடத்தில் நம்பினாள், எந்த இடத்தில் எழுந்து அடுப்பைப் பார்க்கப் போனாள்? "வெளிநாட்டுக்காரன் பணத்துல வாழறியாம். நான் டிவிகிட்டயே சொன்னேன், அவ போட்டிருக்கிற பழைய கோட்டைப் பார்த்தியாடா மடையான்னு." அப்பாவுக்குச் சிரிப்பு வந்து இருமலாகிவிட்டது. கேரட்டை வாங்கிக்கொண்டு வாசல்வரை போனவள் திரும்பி, "நேத்து கீழே ஒரு காரு ரொம்ப நேரம் நின்னுச்சு, பாத்துக்கோங்க" என்று அந்த ஒலிபெருக்கிக் குரலை முதல்முறையாகத் தணித்துச் சொன்னாள். எச்சரிக்கையா, வேவா? தட்டைக் கொண்டுவந்து எதற்குக் கேரட் கேட்பாள் ஒருத்தி, கேரட்டைக் கையில் வாங்கினால் ஆகாதா? கார் என்ன நிறம் என்று கேட்டிருக்க வேண்டும். கேட்டால் பயந்துவிட்டதாக ஆகிவிடும். நம்பிக்கையையும் சந்தேகத்தையும் ஒரே தட்டில் ஏந்திக்கொண்டு வாழ்கிற இந்தப் பெண்பிள்ளையை வைத்தே ஒரு படம் எடுத்திருக்கலாம், மாடிப்படி அகல தூரத்தில் இருந்தவளை விட்டுவிட்டு ரிம்மா ஆள் தேடி சைபீரியாவரை போயிருக்கிறாள்.

அப்பா திரும்ப உட்கார்ந்து கேரட் துருவத் தொடங்கினார், முட்டைக்கோஸ் குவியலின்மேல் ஆரஞ்சு மழை மாதிரி விழுந்தது. வெளிச்சம் மங்கிக்கொண்டு வந்தது, இன்னும் கொஞ்ச நேரம்தான், பை நடையில் தயாராக இருந்தது, சின்னப் பை, ஒரு நாளைக்கு வந்தவள் தூக்குகிற மாதிரி பார்த்துப் பார்த்து அடுக்கிய பை. ஏதாவது கேட்க வேண்டும். எதிலிருந்து ஆரம்பிப்பது? "நான் எடுத்த படம் ஏதாவது பாத்திருக்கியாப்பா?" துருவல் நின்றது. "ஒண்ணு பாத்தேன்." "எப்போ? எங்கே?" "மாஸ்கோவுல. ஏதோ ஒரு வீட்டுல ஜன்னலைப் போர்த்திட்டு, சுவத்துல படுக்கை விரிப்பைக் கட்டிக் காட்டினீங்களே." அரங்கு தர எவனும் துணியாமல் போனபின் சிநேகிதர் வீடுகளில் அப்படித்தான் காட்டினாள், சமையலறையில் நின்று, கூட்டத்தின் பிடரிகளைப் பார்த்துக்கொண்டிருப்பாள், எந்த இடத்தில் எந்தத் தலை குனிகிறது என்று. அந்தப் பிடரிகளில் ஒன்று இவருடையதா? எப்படித் தெரியாமல் போயிற்று? "சொல்லவே இல்லையே!" "நீ அழைக்கலை, நான் சொல்லலை. கடைசியில உட்கார்ந்தேன். முடியறதுக்கு முன்னாடியே வந்துட்டேன், கடைசி பஸ் போயிடும்ல?" "எப்படி இருந்துச்சு?" கேட்டபிறகுதான் தன் குரல் எட்டு வயசுக் குரலாக இருப்பது காதில் விழுந்தது. அப்பா கேரட்டின் மிச்சத்தை வாயில் போட்டு மென்றார், ரொம்ப நேரம் மென்றார். "அந்தத் துண்டு விக்கிற பொம்பளை வந்தாளே, சிவப்புத் தொப்பி, அவ என் பஸ்ஸுல ஒருநாள்கூட டிக்கெட் வாங்கினதில்லை. அதை நீ காட்டலை." ரிம்மாவுக்குச் சிரிப்புத் தாங்கவில்லை, காமிரா குலுங்கியது. "உனக்கு அதுதான் கண்ணுல பட்டுச்சா?" "அவ நல்லவ மாதிரியே காட்டியிருக்கே. நல்லவதான். ஆனா டிக்கெட் வாங்கமாட்டா." எத்தனை நாட்டு விமர்சகர்கள் எழுதினார்கள், ஒருவனும் இதைச் சொல்லவில்லையே என்று நினைத்தாள், அந்தப் பெண்ணிடம் எத்தனை நாள் உட்கார்ந்திருந்தும் இது தெரியவில்லையே, தெரிந்திருந்தால் இன்னும் எவ்வளவு அழகாக இருந்திருக்கும், இனி எங்கே போய்ச் சேர்ப்பது. யெரெவானில் எந்த பஸ்ஸில் யார் டிக்கெட் வாங்காமல் போகிறாள் என்று அவளுக்கு யார் சொல்வார்கள்? அங்கே போய் எவர் வீட்டுப் பாத்திரத்தை எந்தப் பாஷையில் கழுவுவது?

நேரமாகிவிட்டது. "அப்பா, இப்போ ஒரு நிமிஷம் சும்மா இருக்கணும். பேசக்கூடாது, இருமக்கூடாது. அறையோட சத்தத்தை எடுக்கணும்." "அறை எங்கேடி சத்தம் போடுது?" "போடும். ஒவ்வொரு அறைக்கும் ஒரு சத்தம் உண்டு. படத்தை வெட்டி ஒட்டும்போது நடுவுல ஓட்டை விழும், அதை அடைக்க இது வேணும், எல்லா வீட்டுலயும் எடுப்பேன்." அப்பா எழுந்தார். அடுப்பை அணைத்தார். கையைக் கழுவினார், ஒவ்வொரு விரலாகத் துடைத்தார். கொக்கியில் தொங்கிய நல்ல கோட்டை எடுத்து ஸ்வெட்டர் மேல் போட்டுக்கொண்டு, நாற்காலியை அவள் பக்கமாகத் திருப்பி உட்கார்ந்தார். "நீயும் உட்காரு." "நான் மைக்கைப் பிடிக்கணும்ப்பா." "உட்கார்ந்து பிடி." அந்தக் குரலில் என்ன இருந்தது என்று யோசிப்பதற்குள் அவள் முக்காலியில் உட்கார்ந்துவிட்டாள், உட்கார்ந்தபிறகுதான் உறைத்தது. தூரப் பயணம் கிளம்பும்போது, போகிறவரும் இருக்கிறவரும் சேர்ந்து ஒரு நிமிஷம் வாய்பேசாமல் உட்கார்ந்து எழுவது இந்த நாட்டில் வீட்டுக்கு வீடு உள்ள வழக்கம். பட்டாளத்துக்குப் போகிற பையனுக்கும் செய்வார்கள், கட்டிக்கொடுத்த பெண்ணுக்கும் செய்வார்கள், இருப்பவரில் மூத்தவர் முதலில் எழ வேண்டும். ஒரு நாளைக்கு வந்துவிட்டுப் போகிற மகளுக்கு எவரும் செய்வதில்லை. தன் வாயாலேயே கேட்டு உட்காரவைத்திருக்கிறாளே, தொழில் புத்தியில்! ஹெட்போனில் ஃபிரிஜ் முனகியது. சுவருக்குள் எங்கோ தண்ணீர் இறங்கியது, மேல்மாடியில் ஒரு குழந்தை தடதடவென்று ஓடி நின்றது, அப்பாவின் மூக்கு லேசாக விசிலடித்தது. எத்தனை அறைகளின் சும்மா இருத்தலைச் சேர்த்து வைத்திருந்தாள். சோதனையில் டிஸ்க்குகளை அள்ளிக்கொண்டு போனார்கள், எங்கோ ஓர் அலுவலகத்தில் ஒரு பையன் ஹெட்போன் மாட்டிக்கொண்டு, யாருமே பேசாத இந்த நிமிஷங்களை ஒவ்வொன்றாகக் கேட்டு, இதில் என்ன ரகசியச் செய்தி இருக்கிறது என்று மண்டையை உடைத்துக்கொண்டிருப்பானோ? எந்த வீட்டுச் சும்மாவில் அவனுக்குத் தன் வீடு ஞாபகம் வரும்? அவன்தானா அந்தக் காலணி துடைத்தவன்? தான் போவது எப்படித் தெரிந்தது அப்பாவுக்கு? வக்கீல் சொல்லியிருக்க மாட்டார். பையைத் திறந்து பார்த்தாரா, பார்க்கிற ஆள் இல்லை. காமிராவுக்குச் சம்மதித்தது அதனால்தானா, கொண்டுபோக ஏதாவது இருக்கட்டும் என்றா? ஒரு நிமிஷம் ஆகியிருக்கும். போதும் என்று அவள் சொல்ல வேண்டும், எழ வேண்டியவர் அவர். அவள் சொல்லவில்லை. அவர் எழவில்லை. ஜன்னல் கருநீலமாயிற்று.

கடைசியில் அப்பாதான் முழங்காலில் கையூன்றி எழுந்தார். "சரி, கடவுள் துணை" என்றார், அந்த வழக்கத்தில் சொல்கிற வார்த்தை அதுதான். வேறு எதற்கும் சொல்வதில்லை. "அப்பா, நான்..." "ஒண்ணும் சொல்லாதே. யாராவது வந்து கேட்டா எனக்குப் பொய் சொல்ல வராது, பிடிபட்டுடுவேன். தெரியாதுன்னா தெரியாது." "எப்படித்தான்..." "வந்ததும் பூட்ஸைக் கழட்டி ஜோடியா ஒழுங்கா வச்சே. பொறந்ததிலிருந்து ஒருநாள் வச்சதில்லை." நடையில் பூட்ஸ் இரண்டும் சுவரோடு ஒட்டி, பள்ளிப் பிள்ளைகள் மாதிரி நின்றன. அவளுக்கு அழுகை வரவில்லை, வருமென்று காத்திருந்தாள், அதற்குப் பதிலாகக் கேள்விகள்தான் வந்தன, வாசலில் கூட்டம் முண்டுகிற மாதிரி: அம்மா போனபின் ஏன் தனியாகவே இருந்துவிட்டாய், விழுந்தால் யாரைக் கூப்பிடுவாய், கோபமா, பயமா, இனிமேல் நாம் என்று ஒன்று இருக்கிறதா? அப்பா பெரிய எனாமல் வாளியை மேஜைக்கு இழுத்து, அரிந்ததையெல்லாம் அதில் தள்ளிக்கொண்டிருந்தார். "கேக்கணும்னு வச்சிருந்ததை எல்லாம் கேட்டாச்சா?" என்றார், அவளைப் பார்க்காமல். "இல்லை." "பஸ் நிக்காது. ஒண்ணு கேளு." அவள் வாயைத் திறந்தாள், எது வரப்போகிறது என்று அவளுக்கே தெரியவில்லை. "இதுக்கு உப்பு எவ்வளவு போடுவே?" அப்பா நிமிர்ந்தார். "அது உனக்கு எதுக்கு? பாட்டில்ல அடைச்சுத்தான் மாசா மாசம் உனக்குக் கொடுத்து..." அந்த வாக்கியம் அங்கேயே நின்றுவிட்டது, மூடிய ரயில்வே கேட்டுக்கு முன்னால் பஸ் நிற்கிற மாதிரி.  அப்புறம் அவர் உப்பு ஜாடியைத் திறந்து ஒரு கை அள்ளினார். "ஒரு முட்டைக்கோசுக்கு இவ்வளவு. பொடி உப்பு ஆகாது, கல்லு கல்லா இருக்கணும். போட்டுட்டுப் பிசையணும், அது தண்ணி விடறவரைக்கும் விடக்கூடாது, கை எரியும், எரிஞ்சாலும் விடக்கூடாது. எங்கே, கையை நீட்டு." நீட்டினாள். கொட்டினார், விளிம்பில் சரிந்து மேஜையில் சிந்திற்று. குனிந்து, கண்ணாடியைத் தூக்கிவிட்டுக்கொண்டு அவள் உள்ளங்கையை நெடுநேரம் பார்த்தார்.

"உன் கைக்கு ஒண்ணரைப் பிடி" என்றார்.